பச்சையம்மாவைப் புதைத்த செல்லி

செல்லிக்குக் குரல் பெரியது. ஓடைக்கு அந்தப் பக்கம் ஆடு மேய்க்கிறவரை இந்தப் பக்கம் கொல்லையில் நின்றபடியே கூப்பிட்டுவிடுவார். அந்தக் குரலால்தான் சர்ச்சில் வாசிக்கிற வேலை அவரிடம் வந்து சேர்ந்தது.

ஜவ்வாது மலையில் ஆலங்காயம் பக்கமாக ஏறினால் வருகிற சின்ன ஊர் நெல்லிக்கொல்லை. அறுபது வீடுகள். அதில் பதினோரு வீடுகள் மூன்று தலைமுறையாக லுத்தரன் சபையைச் சேர்ந்தவை. ஓடு வேய்ந்த ஒரு சர்ச், ஒரு மணி, காட்டுச்செடி வேலி போட்ட ஒரு கல்லறைத் தோட்டம், இவ்வளவுதான் சபையின் சொத்து. போதகருக்கு இதுபோல ஏழு ஊர்கள். மாதத்தில் இரண்டாவது ஞாயிறு மட்டும் பைக்கில் மேலே வருவார். மற்ற ஞாயிறுகளில் ஆராதனை நடத்திவந்த உபதேசியார் கொரோனா வருடத்தில் இறந்துபோனார். அதன்பிறகு யார் வாசிப்பது என்று ஆண்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டிருந்தபோது, பன்னிரண்டாவது வரை படித்திருந்த செல்லி எழுந்து போய்ப் புத்தகத்தைத் திறந்தார். அப்போது அவருக்கு நாற்பத்தொரு வயது. சாமையும் புளியும்தான் பிழைப்பு. கணவர் பிரகாஷ், இரண்டு பிள்ளைகள். சபையின் பதிவேட்டில் அவருக்கு எந்தப் பதவியும் இல்லை.

நான் அவரை மூன்று தடவை போய்ப் பார்த்தேன். அவர் சொன்னதையும், ஊரில் மற்றவர்கள் சொன்னதையும் சேர்த்துத்தான் இதை எழுதுகிறேன்.

2022 அக்டோபரில் ஆரம்பித்தது. லுத்தரன் சபைகளில் அக்டோபர் கடைசியில் சீர்திருத்தத் திருநாள் என்று ஒன்று கொண்டாடுவார்கள். ஐநூறு வருடத்துக்கு முன் ஜெர்மனியில் மார்ட்டின் லூத்தர் ரோமாபுரித் திருச்சபையை எதிர்த்துக் கேள்வி கேட்டதை நினைவுகூரும் நாள். அந்த வருடம் போதகர் விஜயராஜ் ஒரு பேச்சுப் போட்டி வைத்தார். ஏழு ஊரிலிருந்தும் ஆளுக்கொரு சீர்திருத்தவாதியைப் பற்றிப் பேச வேண்டும். லூத்தரை ஒருவர் எடுத்துக்கொண்டார், கால்வினை ஒருவர், ஸ்விங்கிளியை ஒருவர். நெல்லிக்கொல்லைக்கு முறை வந்தபோது பெரிய பெயர் எதுவும் மிச்சமில்லை. போதகர் தன் பழைய செமினரி நோட்ஸிலிருந்து நான்கு பக்கத்தை ஜெராக்ஸ் எடுத்துச் செல்லியிடம் கொடுத்தார்.

"உங்களுக்கு ஒரு பொம்பளதாம்மா கெடச்சுது. கத்தரீனா செல்னு பேரு."

"பேரே எங்கூர்ப் பேராட்டம் இருக்குதே ஐயரே," என்றார் செல்லி. லுத்தரன் சபைக்காரர்கள் போதகரை ஐயர் என்றுதான் கூப்பிடுவார்கள்.

அந்த நான்கு பக்கத்தைச் செல்லி இருபது தடவையாவது படித்திருப்பார். ஸ்ட்ராஸ்பர்க் என்ற ஊரில் தச்சர் வீட்டில் பிறந்த பெண். லூத்தரின் போதனையை ஏற்றுக்கொண்ட ஒரு பாதிரியாரைக் கல்யாணம் செய்துகொண்டவர். பாதிரியார் கல்யாணம் செய்யலாமா என்று ஊர் ஏசியபோது, செய்யலாம் என்று தானே எழுதி அச்சடித்தவர். மதச்சண்டையில் ஊரைவிட்டுத் துரத்தப்பட்டு வந்தவர்களுக்கு வீட்டைத் திறந்துவிட்டுச் சோறு போட்டவர். இதெல்லாம் மூன்று பக்கம். நான்காவது பக்கத்தில் அவருடைய கடைசிக் காலம். வேறொரு போதனையைப் பின்பற்றிய ஒரு பெண் இறந்துபோனாள். 'இவள் உண்மை விசுவாசத்தை விட்டு விலகியவள்' என்று கல்லறையில் சொல்ல விட்டால்தான் அடக்கம் செய்வோம் என்றார்கள் ஊர்ப் போதகர்கள். அவர்களும் சீர்திருத்தக்காரர்கள்தான், லூத்தர் வழி வந்தவர்கள்தான். கத்தரீனா அப்போது படுக்கையில் கிடந்த நோயாளி. எழுந்து போய், விடியற்காலையில் அந்தப் பெண்ணின் அடக்க ஆராதனையைத் தானே நடத்தினார். உடம்பு தேறியதும் அவரைக் கூப்பிட்டுக் கண்டிப்பது என்று நகர சபை முடிவு செய்தது. கண்டிப்பதற்கு முன்பே அவர் செத்துப்போனார்.

போட்டியில் செல்லி இதைச் சொல்லி முடித்தபோது, அடிவாரத்துக் கூடத்தில் இருந்த இருநூறு பேரும் கைதட்டினார்கள். போதகர் விஜயராஜ் முதல் பரிசாக ஒரு எவர்சில்வர் குடத்தைக் கொடுத்து, "இப்பிடிப்பட்ட தைரியம் நம்ம சபைப் பெண்களுக்கு வேணும்," என்று மைக்கில் சொன்னார்.

நாலு மாதம் கழித்து, மாசியில், பச்சையம்மா இறந்துபோனார்.

பச்சையம்மாவுக்கு ஐம்பத்தெட்டு வயது. சபைக் குடும்பத்தில் பிறந்தவர், ஞானஸ்நானம் பெற்றவர். கணவர் கோவிந்தன் சபைக்காரர் இல்லை, கும்பிடுவது மலைக்காரர்களின் காவல் தெய்வமான வேடியப்பனை. முப்பத்தைந்து வருடமாக அந்த வீட்டில் இதனால் ஒரு சண்டையும் வந்ததில்லை. அறுப்பு முடிந்ததும் முதல் சாமையைக் கொண்டுபோய் வேடியப்பன் கல்லுக்கு முன்னால் வைப்பது கோவிந்தனின் வழக்கம். இரண்டு வருடத்துக்கு முன் புளி உலுக்க ஏறிய மரத்திலிருந்து விழுந்து, இடுப்புக்குக் கீழே அவருக்கு அசைவு இல்லாமல் போய்விட்டது. அதற்குப் பிறகு அந்தச் சாமையை முறத்தில் எடுத்துக்கொண்டு போய் வைத்தது பச்சையம்மா. அவர் கும்பிட்டாரா, வைத்துவிட்டு மட்டும் வந்தாரா என்று யாருக்கும் தெரியாது. ஆனால் அவர் முறத்தோடு அங்கே நிற்பதை யாரோ போனில் படம் எடுத்திருந்தார்கள். அது கைமாறிக் கைமாறிப் போதகரின் வாட்ஸ்அப்புக்குப் போய்ச் சேர்ந்திருந்தது.

செல்லிக்கும் பச்சையம்மாவுக்கும் ரத்த உறவு இல்லை. ஆனால் செல்லியின் இரண்டாவது பிரசவத்தில், மழையில் வண்டி எதுவும் ஏறாத நாளில், கட்டிலில் படுக்கவைத்துத் தூக்கிக்கொண்டு போன நாலு பேரோடு ஆஸ்பத்திரி வரை கையைப் பிடித்துக்கொண்டே நடந்து வந்தவர் பச்சையம்மா. "அந்தக் கைய நான் எப்பிடி வுடுவேன்?" என்று என்னிடம் கேட்டார் செல்லி.

வியாழக்கிழமை காலையில் காய்ச்சலில் உயிர் போனது. செல்லி சிக்னல் கிடைக்கிற பாறை மேல் ஏறி நின்று போதகருக்குப் போன் செய்தார்.

"நாளைக்குக் காலைல வர்றேன் செல்லியம்மா," என்றார் போதகர். "ஆனா ஒண்ணு. அவங்க வேடியப்பனுக்குப் படைச்ச விஷயம் எல்லாருக்கும் தெரிஞ்சுபோச்சு. நான் சும்மா பொதைச்சுட்டு வர முடியாது. கல்லறைல நின்னு சொல்லணும்."

"இன்னா சொல்லுவீங்க ஐயரே?"

"விசுவாசத்த வுட்டு விலகிப்போனவங்க, சபைக்கு இது ஒரு எச்சரிக்கைனு. ரெண்டு வரிதான்."

"கோவிந்தன் மாமா கட்டுல்ல படுத்துனு கேட்டுக்கினு இருப்பாரு ஐயரே. அவரு முன்னாடியா?"

"எனக்கு மட்டும் ஆசையா? இத வுட்டா ஏழு ஊர்லயும் அவனவன் இஷ்டத்துக்குப் போய்டுவான். மேலருந்து என்னத்தான் கேப்பாங்க."

செல்லி பாறை மேல் நின்றுகொண்டிருந்தார். காற்று அடித்ததில் போதகர் பேசுவது விட்டுவிட்டுக் கேட்டது. நான்காவது பக்கம் அப்போது ஞாபகத்துக்கு வந்ததா என்று கேட்டேன். "வராம இன்னா? அப்பிடியே எழுத்து எழுத்தா வந்துச்சு. ஐயோ, இது நமக்கா வரணும்னு இருந்துச்சு," என்றார்.

"அப்போ நீங்க வர வேணாம் ஐயரே," என்று சொன்னார் செல்லி. "நாங்களே பாத்துக்கறோம்."

"யாரு பாத்துப்பீங்க?"

"நான் வாசிக்கிறேன்."

போனை வைத்துவிட்டு இறங்கிவந்தவருக்கு முதல் எதிர்ப்பு வீட்டிலேயே இருந்தது. பிரகாஷ், "ஊர்ல எத்தினி பேரு கீறாங்க. நீயே தலைய குடுக்கணுமா?" என்றார். கோவிந்தன் கட்டிலில் படுத்தபடி, "வாணாம்மா. எங்கொல்லையிலயே ஒரு ஓரமா வச்சுக்கறேன். உனக்கு எதுக்குப் பொல்லாப்பு?" என்றார்.

"அக்கா அவங்க அம்மா பக்கத்துலதான் வைக்கணும்னு சொன்னாங்க மாமா. என் காதால கேட்டிருக்கேன்," என்றார் செல்லி.

வெள்ளிக்கிழமை காலை பத்து மணிக்குச் சர்ச் மணியை அவரே அடித்தார். பதினோரு வீட்டிலிருந்தும் வந்தார்கள். வேடியப்பனைக் கும்பிடுகிற வீடுகளிலிருந்தும் வந்தார்கள். கோவிந்தனை நான்கு பேர் கட்டிலோடு தூக்கிவந்து குழிக்குப் பக்கத்தில் இறக்கினார்கள். அடக்க ஆராதனைப் புத்தகத்தில் சபையார் சொல்ல வேண்டியது ஒரு எழுத்திலும், போதகர் சொல்ல வேண்டியது இன்னொரு எழுத்திலும் இருக்கும். செல்லி இரண்டையும் வாசித்தார். ஆரம்பத்தில் அந்தப் பெரிய குரல் வெளியே வரவே இல்லை என்று முத்தம்மா என்னிடம் சொன்னார். முத்தம்மா செல்லியின் பக்கத்துக் கொல்லைக்காரர். "கேக்கல, சத்தமா சொல்லு" என்று பின்னாலிருந்து கத்தியதே அவர்தானாம். அதற்குப் பிறகு ஓடைக்கு அந்தப் பக்கம் வரைக்கும் கேட்டது.

போதகர் மூன்று கை மண் போட வேண்டும் என்று எழுதியிருந்த இடத்தில் செல்லி நின்றார். குனிந்து மண்ணை எடுத்தார். போட்டார்.

அப்போது கோவிந்தன் கட்டிலிலிருந்து, "அம்மா செல்லி, நான் ஒரு கை சாமை போடலாமா அவளுக்கு?" என்று கேட்டார். மடியில் ஒரு துணியில் முடிந்து வைத்திருந்தார்.

எல்லாரும் செல்லியைப் பார்த்தார்கள். சாமையால் வந்த வினைதான் இவ்வளவும். நான்கு பக்கத்தில் இதற்குப் பதில் இல்லை. புத்தகத்திலும் இல்லை. சபைக்காரர்களில் இரண்டு பேர் வேண்டாம் என்பதுபோலத் தலையாட்டினார்கள்.

"போடுங்க மாமா," என்றார் செல்லி.

மூன்றாவது வாரம் விசாரணைக்குக் கடிதம் வந்தது. சபையின் தலைமை அலுவலகம் கீழே சமவெளியில் ஒரு டவுனில் இருந்தது. செல்லி காலை முதல் பஸ்ஸில் மலையிறங்கி, வாணியம்பாடியில் மாறிப் போனார். பிரகாஷும் கூடவே போனார். வேண்டாம் என்று சொன்ன மனுஷன், அன்றைக்கு வெள்ளை வேட்டி கட்டிக்கொண்டு கிளம்பியதைச் செல்லி சிரித்துக்கொண்டே சொன்னார். ஆனால் பிரகாஷை வராந்தாவிலேயே உட்காரவைத்துவிட்டார்கள். நீள மேஜைக்குப் பின்னால் விசாரணைக் கமிட்டி ஏழு பேர். ஆறு ஆண்கள், நதியா என்று ஒரு பள்ளிக்கூட டீச்சர். போதகர் விஜயராஜ் சுவரோரமாகத் தனி நாற்காலியில் உட்கார்ந்திருந்தார்.

கமிட்டித் தலைவர் குற்றங்களைப் படித்தார். குருப்பட்டம் பெறாதவர் அடக்க ஆராதனை நடத்தியது. போதகரின் சொல்லை மீறியது. கல்லறையில் தானியம் போட அனுமதித்தது. படித்துவிட்டு, டைப் செய்து தயாராக வைத்திருந்த ஒரு காகிதத்தைத் தள்ளினார்.

"இதுல ஒரு கையெழுத்து போடும்மா. இதோட முடிஞ்சிடும். உன்மேல யாருக்கும் கோவமில்ல."

"படிச்சுட்டுப் போடறேங்க," என்றார் செல்லி. சர்ச்சில் வாசிக்கிற குரலிலேயே அதைச் சத்தமாக வாசித்தார். 'அறியாமையினால் இப்படிச் செய்துவிட்டேன், என்னை மன்னிக்க வேண்டுகிறேன்' என்று இருந்தது.

"அறியாமையினாலனு போட்டிருக்குதுங்க. அது தப்பு. தெரிஞ்சுதான் செஞ்சேன்."

செல்லி பையிலிருந்து அந்த நான்கு ஜெராக்ஸ் பக்கங்களை எடுத்து மேஜை மேல் வைத்தார். "ஐயரு குடுத்ததுதான். இந்த அம்மா இன்னா செஞ்சாங்களோ அதத்தான் நானும் செஞ்சேன். அத மேடையில சொன்னதுக்குக் குடம் குடுத்தீங்க. செஞ்சதுக்கு மன்னாப்புக் கேக்கச் சொல்றீங்க."

தலைவர் காகிதத்தைப் புரட்டிப் பார்த்தார். "இதெல்லாம் ஐரோப்பாவுல, எந்தக் காலத்துலயோ நடந்தது. இங்க சட்டதிட்டம் இருக்கு."

"லூத்தரும் அந்தக் காலத்து ஆளுதாங்களே. அவரு மட்டும் எப்பிடி நம்மாளு ஆனாரு?"

நதியா டீச்சர் சிரிப்பை அடக்கக் குனிந்துகொண்டதைச் செல்லி பார்த்தார். பிறகு அந்த டீச்சர் நிமிர்ந்து, "அந்தச் சாமைக்கு இன்னா பதில்மா?" என்று மெதுவாகக் கேட்டார். அது ஒன்றுதான் உண்மையான கேள்வி என்று செல்லி என்னிடம் சொன்னார்.

"முப்பத்தஞ்சு வருசம் கூட இருந்த மனுசன் ஒரு கை தானியம் போடறேன்னாரு டீச்சர். சாமிக்குப் படைக்கல, பொண்டாட்டிக்குப் போட்டாரு. கடவுளுக்கு அதுல கோவம்னா என்னக் கேக்கட்டும். நான் சொல்லிக்கறேன்."

கையெழுத்துப் போடாமல் திரும்பிவந்தார். பத்து நாளில் தண்டனை வந்தது. ஒரு வருடத்துக்குத் திருவிருந்து, அதாவது போதகர் ஆராதனையில் கொடுக்கிற அப்பமும் திராட்சை ரசமும், கிடையாது. பீடத்துக்கு முன்னால் நின்று வாசிக்கவும் கூடாது.

அடுத்த ஞாயிறு செல்லி பீடத்துக்கு முன்னால் நிற்கவில்லை. பெண்கள் பக்கம் கடைசி வரிசையில் பாயில் உட்கார்ந்தபடியே புத்தகத்தைத் திறந்து வாசித்தார். கடிதத்தில் உட்காரக்கூடாது என்று எழுதவில்லை. எல்லாரும் பீடத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு அவர் பக்கம் திரும்பி உட்கார்ந்தார்கள்.

இரண்டாவது ஞாயிறு போதகர் வந்தார். அப்பமும் ரசமும் கொடுக்கிற நேரத்தில் செல்லியும் போய் மற்றவர்களோடு முழங்காலிட்டுக் கையை நீட்டினார். போதகர் அவரைத் தாண்டிப் பக்கத்து ஆளுக்குக் கொடுத்தார். செல்லி வெறும் கையோடு எழுந்துவந்தார். அடுத்த மாதமும் போனார், கையை நீட்டினார், வெறும் கையோடு வந்தார். எதற்கு அந்த அவமானம் என்று கேட்டேன். "அவமானம் எனக்கா? குடுக்காதவருக்குத்தான்," என்றார். ஆனால் அந்த இரண்டு ஞாயிறும் வீட்டுக்கு வந்து அழுததாகப் பிரகாஷ் சொன்னார்.

மூன்றாவது மாதம் போதகர் செல்லியைத் தாண்டி முத்தம்மாவிடம் வந்தபோது, முத்தம்மா நீட்டியிருந்த கையை மூடிக்கொண்டார்.

"அவளுக்குக் குடுத்துட்டு எனக்குக் குடுங்க ஐயரே."

அவருக்கு அடுத்தவரும் கையை மூடினார். வரிசை முழுக்க மூடியது. போதகர் தட்டைக் கொண்டுபோய்ப் பீடத்தில் வைத்தார். பிறகு எல்லாவற்றையும் மூடிவைத்துவிட்டு, ஆசீர்வாதம் மட்டும் சொல்லிவிட்டுப் பைக்கை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

செல்லிக்கு இது முன்கூட்டித் தெரியாது. வெளியே வந்ததும் முத்தம்மாவிடம் சண்டைக்கே போனார். "எனக்காக ஏன் உங்க விருந்த வுடறீங்க? நான் கேட்டனா?"

"உனக்காக யாரு வுட்டது?" என்றார் முத்தம்மா. "எம் பொண்ண வேடியப்பன் கும்பிடற வூட்டுலதான் குடுத்திருக்கேன். பேரனுக்கு முடி எறக்குனப்போ நானும் போய் நின்னேன். நாளைக்கு என் குழியாண்ட நின்னு ஐயரு இன்னா சொல்லுவாரோ, எனக்கு அந்தக் கவல."

மறுமாதமும் யாரும் திருவிருந்து எடுக்கவில்லை.

ஆடியில் ஒரு வேலைநாளில் போதகர் விஜயராஜ் தனியாக மேலே வந்தார். செல்லி சாமைக் கொல்லையில் களை எடுத்துக்கொண்டிருந்தார். போதகர் வரப்பில் உட்கார்ந்தார். வெயிலில் வந்ததில் சட்டை நனைந்திருந்தது. செல்லி தண்ணீர் கொடுத்தார்.

"ஒண்ணு சொல்லட்டுமா?" என்றார் போதகர். "உங்களுக்குக் குடுத்தேனே, அதுல நாலாவது பக்கத்த நான் படிச்சதே இல்ல. பரீட்சைக்கு வராதுன்னுட்டாங்க. போட்டியில நீங்க பேசனப்போகூட சாப்பாடு ஏற்பாடு பாத்துனு இருந்தேன். விசாரணையிலதான் படிச்சேன்."

செல்லி களைக்கொட்டைக் கீழே வைத்தார்.

"அந்த ஊர் ஐயருங்க பேரு அதுல இல்ல, பாத்தீங்களா?" என்றார் போதகர். "அந்த அம்மா பேருதான் இருக்குது. அவங்களும் என்னாட்டம் மேலருந்து கேப்பாங்கனு பயந்திருப்பாங்க." "வருத்தம்னு ஒரே ஒரு வார்த்த எழுதிக் குடுங்களேன். நான் பேசி முடிச்சுடறேன்," என்றார்.

"உங்களுக்குக் கஷ்டம் குடுத்ததுக்கு வருத்தம்தான் ஐயரே. அத நீங்க கேட்டா நூறு தடவ சொல்றேன். அக்காவப் பொதைச்சதுக்கு வருத்தம்னு எழுத மாட்டேன்."

போதகர் தலையாட்டினார். போகும்போது கோவிந்தன் வீட்டுக்குள் போய் அரைமணி நேரம் இருந்தார். என்ன பேசினார்கள் என்று கோவிந்தன் யாரிடமும் சொல்லவில்லை. என்னிடமும் சொல்லவில்லை.

ஆவணியில் வந்த இரண்டாவது ஞாயிறு, போதகர் வரிசையில் வந்து செல்லியின் முன்னால் நின்றார். அவர் கையில் அப்பத்தை வைத்தார். முத்தம்மா கையைத் திறந்தார். தண்டனை முடிய இன்னும் ஏழு மாதம் இருந்தது. தான் செய்ததை அன்று மாலையே தலைமை அலுவலகத்துக்குப் போதகரே எழுதித் தெரிவித்தார். அடுத்த மே மாதம் அவரை வெகுதூரத்தில் இருக்கிற ஒரு சபைக்கு மாற்றினார்கள். செல்லி பஸ் ஏறிப்போய் வழியனுப்பிவிட்டு வந்தார். புதுப் போதகர் இன்னும் வரவில்லை.

கமிட்டியிடமிருந்து கடைசியாக ஒரு சுற்றறிக்கை வந்தது. நதியா டீச்சர் விடாமல் பேசியதால்தான் வந்தது என்கிறார்கள். அவசர நேரத்தில், எழுத்து மூலம் முன் அனுமதி பெற்று, சபையின் வாசகர் அடக்க ஆராதனை நடத்தலாம் என்று அதில் இருந்தது. ஊரில் எல்லாரும் ஜெயித்துவிட்டோம் என்று சந்தோஷப்பட்டார்கள். செல்லி அதை இரண்டு தடவை வாசித்தார்.

"முன் அனுமதியாம். சாவு சொல்லிக்கினா வருது?" என்றார்.

அதற்குப் பிறகு நெல்லிக்கொல்லையில் இரண்டு சாவு. இரண்டையும் செல்லிதான் அடக்கம் செய்தார். அனுமதி கேட்கவில்லை. ஒவ்வொரு தடவையும் அடக்கம் முடிந்த மறுநாள், தலைமை அலுவலகத்துக்கு ஒரு தபால் அட்டை போடுகிறார். அதை எழுதும்போது ஒரு தடவை நான் பக்கத்தில் இருந்தேன். இறந்தவர் பெயர், வயது, புதைத்த தேதி, 'நான் வாசித்தேன், செல்லி' என்ற ஒரு வரி. அதற்குக் கீழே கோடு போட்டு, 'தகவலுக்காக மட்டும்' என்று எழுதினார்.